தூர்த்த நிலத்தில் ஒரு தம்பி

வியட்நாமில், தூ டுக் பக்கத்து ஓடைக்கரையில் போய்க் கரியமாணிக்கம் வீடு எது என்று கேட்டால் ஒருவரும் சொல்லமாட்டார்கள். ஏழாம் அண்ணன் வீடு என்று கேட்க வேண்டும். அங்கே ஆளைப் பெயரிட்டு அழைப்பதைவிடப் பிறந்த வரிசையைச் சொல்லி அழைப்பதுதான் மரியாதை. கரியமாணிக்கம் தாய்க்கு ஒரே பிள்ளை. அவருக்கு முன்னும் யாரும் பிறக்கவில்லை, பின்னும் பிறக்கவில்லை. ஆனாலும் அந்த ஊர்க்காரர்களுக்கு இந்தியன் என்றாலே ஏழாம் அண்ணன்தான். ஏன் ஏழு என்று ஆரம்பத்தில் அவர் கேட்டுப் பார்த்தார். அவர்கள் சிரித்தார்களே தவிர, காரணம் சொல்லவில்லை. சரி, இருந்துவிட்டுப் போகட்டும் என்று விட்டுவிட்டார்.

தேவகோட்டைப் பக்கத்திலிருந்து, மீசை அரும்பும் வயதில், ஒரு வட்டிக்கடைக்கு எடுபிடிப் பெட்டியடிப் பையனாகக் கப்பலேறி வந்தவர். வசூலுக்கு நடந்து, அடுத்தாள் ஆகி, கடையையே நடத்தும் மேலாள் ஆகப்போகும் நேரத்தில் நாடு கம்யூனிஸ்டுகளிடம் கைமாறியது. எழுபத்தைந்தில் முதலாளிமார் கிடைத்த விமானத்தில் ஏறிப் போனார்கள். அவருக்கும் ஓர் இடம் சொல்லி வைத்திருந்தார்கள். ஆனால் மனைவி ஏவ்லின் தன் தாயை நோயில் வைத்துக்கொண்டிருந்தாள். ஏவ்லின், புதுச்சேரியிலிருந்து வந்து சுங்கத்தில் வேலை பார்த்த ஒரு கிறிஸ்தவருக்கும் வியட்நாமியப் பெண்ணுக்கும் பிறந்தவள். கோபம் வந்தால் பிரெஞ்சில் ஆரம்பித்துத் தமிழில் முடிப்பாள்.

"நீங்க போங்க. அம்மாவ உட்டுட்டு நான் வரமாட்டேன்" என்றாள்.

அவர் போகவில்லை. அதைத் தியாகம் என்று சொல்ல முடியாது. கிளம்பாமல் இருந்துவிட்டார், அவ்வளவுதான்.

அதன்பிறகு நகரத்துப் பெரிய சந்தையான பென் தானில் காரைக்கால்காரர் சேக் மரைக்காயரின் மசாலாக் கடைக்கு மிளகாயும் மல்லியும் வறுத்து இடித்துக் கொடுத்துப் பிழைத்தார். ஏவ்லினின் தாய்மாமன் ஒருவர் இறந்தபோது ஓடைக்கரையில் ஒரு துண்டு சதுப்பு அவள் பங்குக்கு வந்தது. நீர்த்தென்னை முளைத்த, முழங்கால் புதைகிற சேறு. வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிடலாம் என்றுதான் அவள் சொன்னாள். ஆனால் வாழ்நாள் முழுவதும் அடுத்தவர் வீட்டை அடமானம் வாங்கும் கடையில் இருந்த மனிதருக்குத் தமக்கென்று ஒரு நிலம் என்பது, சேறாக இருந்தாலும், தலைக்கு ஏறிவிட்டது.

எண்பதுகளின் தொடக்கத்தில் நகரத்துக்கு நடுவே ஒரு பழைய கல்லறைத் தோட்டத்தை அப்புறப்படுத்தினார்கள். உரியவர்கள் வந்து தம் ஆட்களை எடுத்துப் போனார்கள். மிச்சமிருந்த மண்ணை லாரிகள் ஊருக்கு வெளியே கொண்டுபோய்க் கொட்டின. கரியமாணிக்கம் சாலையில் நின்று லாரிகளை மறித்தார். கொட்டுகிற மண்ணை என் சேற்றில் கொட்டுங்கள், மத்தியானச் சாப்பாடு என் பொறுப்பு என்றார். ஓட்டுநர்களுக்கு வாத்துக்கறியும் ரொட்டியும் கொடுத்தார். பஞ்ச காலம் அது. வாத்துக்கறிக்காக அவர்கள் எங்கே வேண்டுமானாலும் கொட்டியிருப்பார்கள். அந்த மண்ணில் உடைந்த சலவைக்கல் வந்தது, செங்கல் வந்தது, பீங்கானில் பதித்த ஒரு முகத்தின் பாதி வந்தது. ஏவ்லின் ஞாயிற்றுக்கிழமை கோயிலிலிருந்து மந்திரித்த தண்ணீர் கொண்டுவந்து நாலு மூலையிலும் தெளித்தாள். இருவரும் அதைப் பற்றி அக்கம்பக்கத்தில் மூச்சு விடவில்லை. ஏனென்றால் தம் பள்ளம் நிரம்பியபின் மீந்த லாரிகளை அவர்தான் பக்கத்து மனைகளுக்கும் திருப்பிவிட்டிருந்தார்.

சேறு மேடாயிற்று. வீடு எழும்பியது. மாமரம் நட்டார், கறிவேப்பிலை நட்டார், மசாலா காயப்போடச் சிமெண்டுத் தளம் போட்டார். பிள்ளை இல்லாத வீடு. இருபது வருஷம் போயிற்று.

பிறகு அகலச் சாலை வந்தது. சாலைக்காக ஓடைக்கரை முழுவதையும் அரசாங்கம் எடுத்துக்கொள்ளப் போவதாக அறிவிப்பு ஒட்டினார்கள். எடுப்பதற்கு ஈடும் உண்டு. வீட்டு மனை என்றால் வேறு இடத்தில் ஒரு மனையே தருவார்கள். சதுப்பு என்றால் கைக்குக் கொஞ்சம் பணம். அதை வைத்து நகரத்தில் ஓர் அறைகூட வாங்க முடியாது. சட்டம் ஒரு கெடு ஆண்டு வைத்திருந்தது. அதற்கு முன்பே மேடாக்கிக் குடியிருந்தவர் நிலம்தான் மனை. மற்றதெல்லாம் சதுப்பு.

அளக்க வந்தது ஓர் இளம்பெண். மோட்டார் சைக்கிள் ஓட்டுகிற பெண்கள் வெயிலுக்குப் போடுகிற நீளக் கையுறையும் முகமூடியும் போட்டிருந்தாள். பேசும்போதுகூட அவற்றைக் கழற்றவில்லை. வரைபடத்தை விரித்துக் காட்டினாள். அமெரிக்கர்கள் காலத்துப் படம். அதில் அவருடைய வீடு இருந்த இடம் நீல நிறமாக இருந்தது.

"ஏழாம் மாமா, படத்துல இது தண்ணி" என்றாள்.

"படத்துல தண்ணி. நீ இப்ப நிக்கிறது எதுல?"

"மண்ணுலதான். ஆனா எப்ப போட்ட மண்ணு? போன வருஷம் போட்டீங்களோ என்னவோ. உங்க குடும்பப் பதிவு இன்னும் நகரத்து விலாசத்துலதானே இருக்கு?"

இருந்தது. மாற்றப் போனால் ரேஷன் அரிசி போய்விடும் என்று அந்தக் காலத்தில் மாற்றாமல் விட்டது.

"வேற வீட்டுக்காரங்க சாட்சி சொல்லமாட்டாங்களா?"

"அவங்க வீடும்தானே போகுது மாமா? ஒருத்தருக்கொருத்தர் சாட்சி சொன்னா மேலே ஒத்துக்கமாட்டாங்க. மண்ணுக்கு வயசு தெரியாதே." அவள் வீட்டை எழுதிக்கொண்டாள், தளத்தை எழுதிக்கொண்டாள், மாமரத்தின் அடிச்சுற்றை அளந்து எழுதிக்கொண்டாள். "கல்லறை ஏதாவது இருக்கா? இருந்தா அதுக்குத் தனியா உண்டு. நல்ல தொகைதான்."

கல்லறை என்ற சொல்லைக் கேட்டதும் கரியமாணிக்கம் காலடியைப் பார்த்தார்.

"இல்லை" என்றார்.

அவள் போனபிறகு வெகுநேரம் தளத்தில் உட்கார்ந்திருந்தார். தாம் கொட்டவைத்து மிதித்து இறுக்கிய மண்தான் அந்த நிலத்தின் பெறுமானம் முழுவதும். அது கண்ணுக்கு முன்னால் இருக்கிறது. அதன் மேல்தான் அரசாங்கமும் நின்று பேசிவிட்டுப் போகிறது. ஆனால் அது கணக்கில் இல்லை. மேலே இருப்பதற்கெல்லாம் விலை உண்டு; எல்லாவற்றையும் தாங்குகிறதற்கு இல்லை.

அந்த மாதத்திலேயே ஓடைக்கரையில் கல்லறைகள் முளைக்கத் தொடங்கின. வாத்து வளர்க்கும் ஐந்தாம் அக்கா வீட்டுக் கொல்லையில் இரண்டு. அதற்கடுத்த வீட்டில் ஒன்று. புது மண், பழைய கல், சாணி கரைத்துப் பூசிய பாசிக் கறை. யாரும் யாரையும் எதுவும் கேட்கவில்லை.

பென் தானில் சேக் கடையில் உட்கார்ந்து இதைச் சொன்னார். சேக் மஞ்சள் பொட்டலம் கட்டிக்கொண்டே கேட்டார்.

"என்ன செட்டியாரே, மண்ணுக்கு ரசீது கேக்குறானுவளாமே?"

"ரசீதுக்கு எங்க போறது மரைக்காயரே? வாத்துக்கறிக்கு எவன் ரசீது குடுத்தான்?"

"அப்ப வாத்தையே சாட்சிக்குக் கூப்புடுங்க."

"சிரிக்காதீங்கங்கிறேன். எனக்கும் ஏவ்லினுக்கும் கடைசிக் காலத்துல தலை சாய்க்க எடம் இல்லாமப் போகப்போகுது. ஊரே கல்லறை கட்டுது. நானும் ஒண்ணு கட்டினா என்ன?"

"ஒங்க ஆளுவளுக்கு ஏது கல்லறை? எரிச்சு ஆத்துல உட்டுடுறீங்க. செத்தும் ஒரு சாண் எடம் புடிக்கிறதில்ல." சேக் பொட்டலத்தைக் கீழே வைத்தார். முகத்தில் சிரிப்பு போயிருந்தது. "வேணாம் செட்டியாரே. வெறும் வூடுன்னா பூட்டு போட்டு வைக்கலாம். வெறும் கபரை எப்புடிப் பூட்டுவீங்க? எவனாச்சும் குடிவந்துடுவான்."

"வரட்டும். வாடகை கேக்கமாட்டேன்."

"நான் சொல்றதைச் சொல்லிட்டேன்" என்று சேக் மறுபடியும் மஞ்சளை எடுத்துக்கொண்டார்.

இரவில் செய்தால்தான் யாராவது விழித்துக்கொள்வார்கள். அந்த ஊரில் நடுப்பகல்தான் பாதுகாப்பான நேரம். சோறு சாப்பிட்டதும் கரை முழுவதும் ஊஞ்சல் படுக்கையில் படுத்துவிடும். நாய்கூடக் குரைக்காது. அப்படி ஒரு நடுப்பகலில், நிழல் காலுக்கடியில் சுருங்கிக் கிடக்க, மாமரத்துக்கு அப்பால் கரியமாணிக்கம் குழி வெட்டினார். மற்றவர்கள் கரிக்கட்டையும் உளுத்த பலகையும் போட்டிருந்தார்கள். அவருக்குத் தம் ஆட்களின் வழக்கம்தான் தெரியும். மசாலா வறுக்கும் அடுப்பிலிருந்து சாம்பலை அள்ளி ஒரு மண்சாடியில் போட்டு வாயைக் கட்டி, முழங்கால் ஆழத்தில் வைத்து மூடினார். மேடு கட்டினார், தலைமாட்டைத் தெற்கே வைத்தார்.

ஏவ்லின் பின்வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பேரு?" என்றாள்.

"என்ன பேரு?"

"கல்லுல எழுத வேணாமா? பேரில்லாத கல்லறைய யார் ஒத்துக்குவா? மொன் தியே, பொய் சொல்றதுன்னாலும் ஒழுங்காச் சொல்லணும் இல்ல?"

தகப்பன் பெயரை எழுத மனம் வரவில்லை. உறவில் இருந்த எவர் பெயரை எழுதினாலும் அவர் இன்னொரு முறை செத்ததுபோல் ஆகும். இல்லாத ஒருவன்தான் வேண்டும். ஏகப்பன் என்று எழுதினார். தம்பி என்று எழுதினார். கெடு ஆண்டுக்கு முன்னால் ஒரு தேதியும் போட்டார். கல்லைப் பழையதாகக் காட்ட மோர் தடவி வெயிலில் வைத்தார்.

மறுவாரம் கையுறைப் பெண் வந்து பார்த்தாள், எழுதிக்கொண்டாள். போகும்போது வேலியோரம் நின்ற ஐந்தாம் அக்காவைக் கேட்டாள்.

"இவருக்குத் தம்பி இருந்தாரா அக்கா?"

"எட்டாமவனா?" என்றாள் ஐந்தாம் அக்கா, யோசிக்காமல். "இல்லாம? ஏழுக்கு அப்புறம் எட்டுதானே? நல்ல பிள்ளை. கொஞ்சம் சாஞ்சு நடப்பான். சிரிச்சா இந்தப் பக்கம் ஒரு பல்லு மின்னும்." கீழ்த் தாடையில் இடது பக்கம் விரலை வைத்துக் காட்டினாள்.

பெண் போனபின் கரியமாணிக்கம் வேலியருகே வந்தார். "நன்றி அக்கா. நல்லாத்தான் அளந்தீங்க."

"என்ன அளந்தேன்?"

"பல்லு, நடையெல்லாம்."

ஐந்தாம் அக்கா அவரைப் பார்த்த பார்வையில் வேடிக்கை எதுவும் இல்லை. "நீங்க அவனைப் பத்திப் பேசவே மாட்டேங்கிறீங்க. அதான் நானும் இத்தனை நாளா கேக்கலை" என்று சொல்லிவிட்டு வாத்துகளை ஓட்டிக்கொண்டு போனாள்.

அந்த வாத்துகள் ஒரு தினுசாக நடந்துகொண்டன. வேலி இடுக்கில் புகுந்து இவர் கொல்லையைக் குறுக்கே கடந்து ஓடைக்குப் போவது அவற்றின் பழைய வழி. இப்போது மேடு வந்ததும் வரிசை இரண்டாகப் பிரிந்தது; அந்தப் பக்கம் போய் மறுபடி ஒன்றாகச் சேர்ந்தது. ஒரு வாத்தும் மேட்டில் கால் வைக்கவில்லை. ஏறுவதற்குச் சிரமமான உயரமும் இல்லை. கரியமாணிக்கம் ஒருநாள் மேட்டின்மேல் நொய் தூவி வைத்துப் பார்த்தார். நொய் அப்படியே கிடந்து முளை விட்டது.

பிறகு ஊதுபத்தி. காலையில் எழுந்து பார்த்தால் தலைமாட்டில் மூன்று ஊதுபத்திக் குச்சிகள், எரிந்து முடிந்து, சிவப்பு அடி மட்டும் நின்றன. ஏவ்லினைக் கேட்டார்.

"நான் வச்சா மெழுகுவத்திதான வைப்பேன்?" என்றாள்.

ஐந்தாம் அக்காவைக் கேட்டார். தன் கொல்லைக் கல்லறைகளுக்கே வைக்கவில்லை என்றாள். அவை பொய் என்று சத்தமாகவே ஒப்புக்கொண்டாள். அப்படியென்றால் இது? அவள் வாத்துகளைக் கூப்பிடப் போய்விட்டாள். குச்சிகளை அவர் பிடுங்கிப் போட்டார். மறுநாள் புதிதாக மூன்று நின்றன. யாரோ இரக்கப்பட்டு வைக்கிறார்கள். இந்த ஊரில் கேட்பாரற்ற கல்லறையைப் பார்த்தால் வழிப்போக்கரும் வைப்பதுண்டு. இந்த விளக்கம் போதுமானதாகவே இருந்தது. ஆனாலும் அவர் பிடுங்குவதை நிறுத்திவிட்டார்.

சாப்பாட்டு வேளையில் ஏவ்லின் மூன்று தட்டு வைத்தாள்.

"யாருக்கு?" என்றார்.

அவள் தட்டைப் பார்த்தாள். "கை தவறி எடுத்துட்டேன்" என்று உள்ளே வைக்கப் போனவள், அலமாரிக் கதவைத் திறந்தபடியே திரும்பினாள். "எட்டாமவனுக்கு வாத்துக்கறி புடிக்குமா?" என்று கேட்டாள்.

"ஏவு!"

"சும்மா கேட்டேன்."

கரியமாணிக்கம் படித்த மனிதர் அல்லர். ஆனால் தனியாக உட்கார்ந்து யோசிக்கிற பழக்கம் உண்டு. இருந்த ஒருவன் இல்லாமல் போவதற்கு ஒரு கணம் போதும். இல்லாத ஒருவன் இருக்கத் தொடங்குவதற்கு என்ன வேண்டும்? ஒரு பெயர், அவனை நினைவிருக்கிறது என்று சொல்ல ஓர் ஆள், ஒரு தட்டு. தம்மைக்கூட இந்த ஊரில் அவ்வளவுதான் நிறுத்தி வைத்திருக்கிறது. ஏழு என்ற எண்ணை எடுத்துவிட்டால் இங்கே கரியமாணிக்கம் யார்? இப்படி யோசித்துக்கொண்டிருந்த ஒரு மத்தியானத்தில், தேவகோட்டை வீட்டு இரண்டாம் கட்டில் தாம் ஒரு சிறுபிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு நிற்பது ஞாபகம் வந்தது. பிள்ளையின் கனம்கூட இடுப்பில் தெரிந்தது. யாருடைய பிள்ளை என்று எவ்வளவு யோசித்தும் பிடிபடவில்லை.

ஊர் முழுக்கப் பொய்க் கல்லறை என்று மேலிடத்துக்கு எட்டிவிட்டது. ஒவ்வொன்றையும் அதிகாரிகள் முன்னிலையில் தோண்டி, எலும்பு இருந்தால்தான் பணம் என்று முடிவு செய்தார்கள். ஐந்தாம் அக்காவின் கொல்லையில் கரிக்கட்டை வந்தது. "மட்கிப் போச்சு, மட்கிப் போச்சு" என்று அவள் அழுது காட்டினாள். அதிகாரிகள் சிரித்துக்கொண்டே கோடு போட்டு அடித்தார்கள். பொய் சொன்னவர்களுக்கு அபராதம் உண்டு என்றும் பேச்சு அடிபட்டது. அன்றைக்கே, நல்ல வெயிலில், இவர் கொல்லைக்கு வந்தார்கள்.

இரண்டு கூலிகள் தோண்டினார்கள். முழங்கால் ஆழம் வந்தது. சாடி இல்லை. கரியமாணிக்கம் எட்டிப் பார்த்தார். இடம் அதுதான், தம் கையால் வைத்தது. தொடை ஆழம் தோண்டினார்கள். சாடியும் இல்லை, சாடியின் ஓடும் இல்லை, சாம்பலின் வெளுப்புகூட இல்லை. ஈர மண்ணில் பாரமான பொருள் கீழே இறங்கும் என்று தமக்குத் தாமே சொல்லிக்கொண்டார். இடுப்பளவு வந்தபோது மண்வெட்டி எதிலோ உரசியது. கூலிக்காரர் மண்வெட்டியை வைத்துவிட்டுக் கையால் துழாவினார்.

மேலே தூக்கிக் காட்டியது ஒரு மனிதனின் கீழ்த் தாடை. மண்ணை வழித்ததும் இடது பக்கம் ஒரு பல் மின்னியது.

வேலியோரம் கூடியிருந்தவர்கள் இன்னும் நெருங்கி வந்தார்கள்.

"எட்டாமவன்" என்றாள் ஐந்தாம் அக்கா. அழுது காட்டும் குரல் அல்ல அது. ஏதோ தெருவில் எதிர்ப்பட்டவனை அடையாளம் கண்டதுபோல் சொன்னாள்.

ஏவ்லின் சிலுவைக் குறி போட்டுக்கொண்டாள். கையுறைப் பெண் குழிக்குள் எட்டிப் பார்த்தாள். அவள் தாடையைவிடக் குழியின் சுவரைத்தான் அதிக நேரம் பார்த்தாள். மேலே புல் வேர். அதன்கீழ் கறுத்த மண், செங்கல் துண்டு, சலவைக்கல் சில்லு, மறுபடி கறுத்த மண். எல்லாவற்றுக்கும் அடியில், குழியின் தரையில், சாம்பல் நிறத்துப் பழைய சேற்றில் தண்ணீர் கசிந்துகொண்டிருந்தது.

"ஏழாம் மாமா, இது இந்த ஊர் மண்ணே இல்லையே" என்றாள். "எங்கேருந்து வந்தது? எப்ப?"

கரியமாணிக்கம் காத்திருந்த கேள்வி அதுதான். எங்கிருந்து என்று இத்தனை மாதமாக யாரும் அவரைக் கேட்கவில்லை; அக்கம்பக்கத்துக்குப் பயந்து அவராகவும் சொல்லவில்லை. இப்போது பதில் நாக்கில் இருந்தது. அந்தக் கல்லறைத் தோட்டம் எந்த ஆண்டு எடுக்கப்பட்டது என்பது ஊருக்கே தெரியும், அரசாங்கமே எடுத்தது. இந்த மண் அங்கிருந்து வந்தது என்று சொன்னால் போதும். கெடுவுக்கு வெகு முன்னாலேயே மேடாக்கிய நிலம் என்று ஆகிவிடும். மனைக்கு மனை கிடைக்கும். ஆனால் அதைச் சொன்ன அந்த நொடியே இந்தத் தாடை அந்தத் தோட்டத்து ஆளுடையது. ஏகப்பன் பொய், கல் பொய், தாம் அபராதத்துக்குரிய ஆள். சொல்லாமலிருந்தால் கல்லறைக்குப் பணம் உண்டு, தம்பி உண்டு, நிலம் மட்டும் தண்ணீர்.

அவர் தாடையைக் கையில் வாங்கினார். எதிர்பார்த்ததைவிட லேசாக இருந்தது. இவன் யாராயிருந்தாலும் ஒரு பெயரோடு படுத்தவன். அதைத் தொலைத்துவிட்டு லாரியில் வந்து தம் வீட்டுக்கடியில் கிடந்தான். அவன்மேல் நின்றுதான் இருபது வருஷம் மிளகாய் காயவைத்திருக்கிறார். இப்போது அவனுக்குத் தாம் எழுதிய பெயரையும் மாட்டிவிட்டால், இது அவனை இரண்டாம் முறை புதைப்பது.

"சொல்லிடுங்க" என்றாள் ஏவ்லின் தமிழில், உதடு அசையாமல். "நமக்கு நெலம் வேணும். இவரு நம்ம ஆளு இல்ல."

அவர் சொன்னார். கல்லறைத் தோட்டத்தைச் சொன்னார், லாரிகளைச் சொன்னார், வாத்துக்கறியைச் சொன்னார். பக்கத்து மனைகளிலும் அதே மண்தான் என்றார். வேலியோரம் நின்றவர்கள் தம் கால்களைப் பார்த்தார்கள்; ஐந்தாம் அக்கா ஒரு காலைத் தூக்கி, வைக்க வேறு இடம் இல்லாமல், அதே இடத்தில் வைத்தாள். கடைசியாக அவர் சொன்னார்:

"எனக்குத் தம்பி கிடையாது. இந்தக் கல்லறை நான் சில மாசத்துக்கு முன்னாலதான் கட்டினது. இவர் யாருன்னு எனக்குத் தெரியாது."

கையுறைப் பெண் முதல்முறையாக முகமூடியைக் கீழே இறக்கினாள். மிகவும் சின்ன முகம்.

"தோட்டத்து மண்ணுன்னு நீங்க சொல்றதை நான் நம்புறேன். சுவரே சொல்லுது. சலவைக்கல்லுல எழுத்துகூட இருக்கு. நிலம் மனைதான், எழுதிடுறேன்" என்றாள். "ஆனா தம்பி இல்லைங்கிறீங்களே?"

"இருந்தான்" என்றாள் ஐந்தாம் அக்கா. "பல்லை நான் முன்னாடியே சொன்னேனா இல்லையா? நீதானே கேட்டே?"

"சொன்னாங்க" என்று பெண் ஒப்புக்கொண்டாள்.

"என் கூரையை வேஞ்சு குடுத்தவன் அவன்" என்றார் அடுத்த வீட்டுக்காரர். இன்னொருவர், அவன் ஓடையில் வலை போடுவான் என்றார். அபராதத்துக்குப் பயந்து சொல்கிறார்களா, மெய்யாகவே நினைவு வந்து சொல்கிறார்களா என்று கரியமாணிக்கம் ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். பயந்த முகம் ஒன்றும் இல்லை. அவரைத்தான் எல்லாரும் பரிதாபமாகப் பார்த்தார்கள்.

"எலும்பைப் பாத்ததும் சில பேருக்கு இப்படித்தான் ஆகும் மாமா" என்றாள் பெண், மெதுவாக. "என் அப்பாவும் தாத்தாவைத் தோண்டி எடுத்தப்ப இது என் அப்பா இல்லைன்னுதான் சொன்னார்."

கையொப்பம் வாங்கினார்கள். நிலம் மனை என்று ஆயிற்று. கல்லறையும் மெய் என்று ஆயிற்று. வாழ்க்கையில் ஒரே ஒரு தடவை கரியமாணிக்கம் அரசாங்கத்திடம் முழு உண்மையைச் சொன்னார். அதில் பாதியை மட்டும் அவர்கள் ஏற்றுக்கொண்டார்கள். தாடையையும், கூடக் கிடைத்த இரண்டு எலும்புகளையும் அரிசி மதுவில் கழுவி, மூடி வைத்த ஒரு பீங்கான் சாடியில் போட்டு, குடும்பத்தார் என்று அவர் கையில் கொடுத்தார்கள்.

ஊருக்கு இன்னும் உள்ளே தள்ளி ஒரு மனை கிடைத்தது. மண் கெட்டியாக, சிவப்பாக, அந்த இடத்து மண்ணாகவே இருந்தது. இழந்ததற்குச் சரியான ஈடுதான். ஒரு குறையும் சொல்வதற்கில்லை. சாடி மட்டும் சமையலறை அலமாரியில் இருந்தது. எலும்புச் சாடிகள் வைக்கும் பொது மண்டபத்தில் வைத்துவிடலாம் என்று ஏவ்லின் சொன்னாள். எரித்து ஆற்றில் விடுவதுதான் முறை என்றார் அவர், யாராக இருந்தாலும்.

பென் தான் சந்தையின் பின்புறம் ஒரு மாடியறையில் நாலைந்து படங்களை வைத்துப் பூசை பார்த்துவந்த சேஷாசலம் என்பவரிடம் போனார்கள். தமிழ் முறையில் காரியம் செய்துவைக்க ஊரில் மிஞ்சியிருந்தவர் அவர் ஒருவர்தான். பேருந்தில் போகும்போதே கரியமாணிக்கம் தீர்மானித்திருந்தார். பெயர் தெரியாதவருக்கு என்று சொல்லிவிட வேண்டும். அப்படியும் செய்ய வழி உண்டு என்று சேஷாசலம் முன்பே சொல்லியிருந்தார். ஏவ்லினிடமும் சொல்லி வைத்தார், அவள் தலையாட்டினாள்.

தர்ப்பையை விரலில் மாட்டிவிட்டுச் சேஷாசலம் எள்ளை உள்ளங்கையில் வைத்தார்.

"யாருக்குப் பண்றோம்?"

"தம்பிக்கு" என்றார் கரியமாணிக்கம்.

ஏவ்லின் திரும்பிப் பார்த்தாள். அவரும் தம் குரலைத் தாமே கேட்டவர்போல் நிமிர்ந்தார். திருத்திச் சொல்ல வாய் திறந்தார்.

"பேரு?"

"ஏகப்பன்."

"நட்சத்திரம் தெரியுமோ? தெரியாட்டா ஒண்ணும் பாதகமில்லை, பொதுவாச் சொல்லிக்கலாம்."

ஒரே பிள்ளையாகப் பிறந்த கரியமாணிக்கத்துக்கு தேவகோட்டை வீட்டுப் பிள்ளைகளில் தம் நட்சத்திரத்தைத் தவிர வேறு எதுவும் தெரிந்திருக்க நியாயமில்லை. கீழே தெருவில் மோட்டார் சைக்கிள்கள் போய்க்கொண்டிருந்தன. உள்ளங்கையில் எள் நனைந்திருந்தது.

"அனுஷம்" என்றார். தம்முடையது அல்ல அது. "இரண்டாம் பாதம்."